வியட்நாமில் பட்டுப் பட்டறை பார்க்கப் போகிறீர்களா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

புழுவிலிருந்து துணி வரைக்கும் ஒரே இடத்தில் பார்த்துவிட முடியுமா?

சுற்றுலாவுக்கென்று அமைத்த இடங்களில் முடியும். உண்மையில் உற்பத்தி நடக்கும் இடங்களில் பெரும்பாலும் முடியாது. வியட்நாமில் புழு வளர்ப்பது ஓர் ஊர், கூட்டிலிருந்து நூல் எடுப்பது இன்னோர் ஊர், நெய்வது மூன்றாவது ஊர். ஹனோய் பக்கத்து வான் ஃபுக்கில் புழுவைத் தேடிப் பயனில்லை. அங்கே இருப்பது தறி மட்டும், நூல் வெளியிலிருந்து வருகிறது. தெற்கே பாவ் லோக்கில் மல்பெரித் தோட்டமும் நூல் ஆலையும் நிறைய உண்டு, ஆனால் பழைய நெசவுத் தெருவை எதிர்பார்த்துப் போனால் ஏமாற்றம்தான். எந்தக் கட்டத்தைப் பார்க்க ஆசை என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். ஊர் அதன்பின் தானே முடிவாகிவிடும்.

எந்த ஊரில் எதைப் பார்க்கலாம்?

நெசவு பார்க்க வான் ஃபுக். ஹனோய் மையத்திலிருந்து தென்மேற்கே சுமார் 10 கி.மீ., ஹா டோங் பகுதியில், நுவே ஆற்றங்கரையில் இருக்கிறது. ங்குயென் அரச மரபின் காலத்தில் அரண்மனை உடைகளுக்குத் துணி கொடுத்த ஊர். இன்று இங்கே இயங்குபவை பெரும்பாலும் பூ வேலை நெய்ய உதவும் ஜக்கார்டு பெட்டி ஏற்றிய விசைத்தறிகள். இந்த ஊரின் அடையாளம் 'வான்' என்ற பட்டு: பாவு (நெடுக்கு) நூல்கள் சில இடங்களில் ஒன்றையொன்று தாண்டிப் பின்னிக்கொள்வதால் நுண்ணிய இடைவெளி விழும்; துணியை வெளிச்சத்தில் பிடித்தால்தான் பூ வேலை முழுதாகத் தெரியும். 2021 நவம்பரில் ஓடத் தொடங்கிய காட் லின்–ஹா டோங் மெட்ரோவில் வந்து ஹா டோங் அல்லது லா கே நிலையத்தில் இறங்கினால், மோட்டார் சைக்கிள் டாக்சியில் சில நிமிடம். ஊருக்குள் நுழையக் கட்டணம் இல்லை.

கையால் நூல் எடுப்பதைப் பார்க்க வடக்கில் இரண்டு ஊர்கள். கோ சாட்டில் கொதிக்கும் சட்டிகளிலிருந்து நூல் இழுத்துச் சிட்டமாக்கி மூங்கில் கழிகளில் வெயிலில் உலர்த்துவார்கள். நாம் காவ் ஊரில் எடுப்பது 'டூய்' என்ற சொரசொரப்பான பட்டு. ஊறவைத்த கூட்டைத் தண்ணீரிலேயே கையால் பிரித்து இழுப்பார்கள். நூல் தடித்தும் மெலிந்தும் வரும், துணியில் அந்த முடிச்சுகள்தான் அழகு.

ஹனோய்க்குத் தெற்கே சுமார் 40 கி.மீ. தொலைவில், வாசனைப் பகோடாவுக்குப் போகும் பக்கத்தில் ஃபுங் சா இருக்கிறது. புழுக்களையே நெய்ய வைக்கும் முறைக்கும் தாமரைத் தண்டிலிருந்து நூல் எடுப்பதற்கும் பெயர்பெற்ற நெசவாளர் ஃபான் தி துவானின் ஊர் அது. முன்கூட்டியே சொல்லிவிட்டுப் போவது நல்லது.

நடுப்பகுதியில் ஹோய் ஆன். ஊருக்குள்ளேயே கட்டணம் வாங்கிக்கொண்டு மல்பெரிச் செடி முதல் பழைய தறி வரை வரிசையாகக் காட்டும் பட்டுக் கிராமம் உண்டு. நேரம் குறைவானவர்களுக்கும் குழந்தைகளோடு போகிறவர்களுக்கும் அது போதும். உண்மையான நெசவூர் வேண்டுமென்றால் 20 கி.மீ.க்குள் உள்ள மா சாவ். மீ சன் கோயில்களும் அதே வட்டாரத்தில்தான், ஒரே நாளில் இரண்டையும் முடிக்கலாம்.

தெற்கு மேட்டுநிலத்தில் பாவ் லோக் கச்சாப் பட்டின் தலைநகர். அங்கே எடுக்கும் நூலில் ஒரு பகுதி இந்தியத் தறிகளுக்கே வருகிறது. பயணிகளுக்கு அதைவிடச் சுலபமானது, டா லாத்திலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் உள்ள நாம் பான். யானை அருவி பார்க்கப் போகிறவர்கள் வழியில் நிற்கும் பட்டறையில் கூடு வேகவைப்பது, இயந்திரத்தில் நூல் எடுப்பது, தறி மூன்றும் ஒரே கூரையின் கீழ் நடக்கின்றன. நடப்பது நிஜ உற்பத்தி, பார்க்கவும் விடுகிறார்கள். ஒரே ஓர் இடம்தான் போக முடியும் என்று கேட்பவர்களுக்கு நாங்கள் சொல்வது இதைத்தான்.

மெகாங் படுகையில் 'தான் சாவ்' என்ற ஊர். சாவ் டோக்கிலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் போய்விடலாம். கறுப்புச் சாட்டின் பட்டான 'லான் மீ ஆ'வுக்கு அதுதான் ஊர். அதைப் பற்றிக் கீழே தனியாக.

வரைபடத்தில் மாகாணப் பெயர்கள் மாறி மாறி வருகின்றனவே?

2025 ஜூலை 1 முதல் வியட்நாமில் மாகாணங்களை இணைத்து, மாவட்ட நிலையை எடுத்துவிட்டார்கள். நாம் காவ் இருந்த தாய் பின் இப்போது ஹுங் யென்னில். கோ சாட் இருந்த நாம் டின் இப்போது நின் பின்னில். ஹோய் ஆன், மா சாவ் எல்லாம் டா நாங்கில். பழைய வழிகாட்டி நூல்களில் உள்ள முகவரியை ஓட்டுநரிடம் காட்டும்போது ஊர்ப்பெயரைக் காட்டுங்கள், மாகாணப் பெயரை நம்ப வேண்டாம்.

எந்த மாதம், எந்த நேரம்?

தறி பார்க்க மாதம் பெரிய விஷயமில்லை. புழு பார்க்கத்தான் பருவம் முக்கியம். வடக்கில் குளிர்காலத்தில் மல்பெரி இலை உதிர்ந்துவிடும். மார்ச் முதல் அக்டோபர் வரை வளர்ப்புக் காலம். மேட்டுநிலத்தில் ஏறக்குறைய ஆண்டு முழுக்க வளர்க்கிறார்கள். ஹோய் ஆன் பக்கம் அக்டோபர், நவம்பரில் வெள்ளம் வரும். டெட் என்ற சந்திரப் புத்தாண்டையொட்டிய நாட்களை (ஜனவரி இறுதி அல்லது பிப்ரவரி) அடியோடு தவிருங்கள். பண்டிகைக்குச் சில நாள் முன்பே தறி நின்றுவிடும், திரும்ப ஓட இரண்டு வாரம்கூட ஆகலாம்.

நேரம்: வார நாளில் காலை 8 முதல் 11 வரை. பதினொன்றரைக்கு மேல் சாப்பாடும் சிறு தூக்கமும். ஒன்றரை வரை தறிக்கூடம் அமைதியாக இருக்கும். வான் ஃபுக்குக்கு ஞாயிறு மதியம் போகிறவர்கள் வண்ணக் குடைகள் தொங்கும் தெருவில் படம் எடுத்துவிட்டு, ஒரு தறிகூடப் பார்க்காமல் திரும்புவது வழக்கம். கடைத்தெருவை விட்டு உள்சந்துகளுக்குள் நடந்து, தறிச் சத்தம் எங்கே கேட்கிறதோ அந்த வாசலில் நின்று கேளுங்கள். பெரும்பாலும் உள்ளே விடுவார்கள்.

புழு வளர்க்கும் இடத்தில் என்ன பார்க்க வேண்டும்? என்ன செய்யக்கூடாது?

செய்யக்கூடாததை முதலில் சொல்லிவிடுகிறோம், ஏனென்றால் பயணிகளால் ஒரு தொகுதிப் புழுவே சாகக்கூடும். கொசு விரட்டிக் களிம்பு பூசிக்கொண்டு போகாதீர்கள். கொசுவர்த்தி, பூச்சி மருந்து, சிகரெட் புகை எல்லாம் பட்டுப்புழுவுக்கு நஞ்சு. புகையிலையில் உள்ள நிக்கோட்டினே போதும். வாசனைத் தைலமும் வேண்டாம். கையால் புழுவைத் தொடாதீர்கள், தொடச் சொன்னால் மட்டும் கை கழுவிவிட்டுத் தொடுங்கள். பெப்ரின் போன்ற நோய்கள் ஒரு மனையிலிருந்து இன்னொரு மனைக்குக் கை, கால், தட்டு வழியாகவும் போகின்றன. ஒரே நாளில் இரண்டு வளர்ப்பு மனைகளுக்குப் போவதாக இருந்தால் இதை மறக்காதீர்கள்.

இனிப் பார்க்க வேண்டியது. முட்டை பொரித்ததிலிருந்து கூடு கட்டும் வரை வெப்பநிலத்தில் 23 முதல் 25 நாள். இடையில் நான்கு முறை தோலுரிக்கும், ஆகவே ஐந்து பருவம். வட்டமான பெரிய மூங்கில் தட்டுகளில் எந்தப் பருவம் இருக்கிறது என்று கேளுங்கள். தலையைத் தூக்கியபடி அசையாமல் கிடந்தால் செத்துவிட்டதாக நினைக்க வேண்டாம். தோலுரிப்பதற்கான உறக்கம் அது. அப்போது இலை போடமாட்டார்கள், தட்டையும் அசைக்கமாட்டார்கள். உறக்கத்தில் தொந்தரவு செய்தால் பாதித் தோலோடு நின்று செத்துப்போகும்.

பார்க்க விறுவிறுப்பானது ஐந்தாம் பருவம். வாழ்நாளில் தின்னும் இலையில் 80 விழுக்காட்டுக்கு மேல் இந்த ஏழெட்டு நாளில்தான் தின்னும். மெல்லும் ஓசை அறைக்கு வெளியே கேட்கும். ஒரு கிலோ கூட்டுக்குச் சுமார் 20 கிலோ இலை வேண்டும். இரவிலும் இலை போட வேண்டும், ஈர இலை போட்டால் வயிற்று நோய் வரும், மழை நாளில் இலையைத் துடைத்துப் போட வேண்டும். "நெல் பயிரிட்டால் படுத்துக்கொண்டு சாப்பிடலாம், பட்டுப்புழு வளர்த்தால் நின்றுகொண்டுதான் சாப்பிட வேண்டும்" என்று வியட்நாமில் ஒரு பழமொழி உண்டு. தட்டுக்கு முன்னால் அரை மணி நேரம் நின்றால் அது புரிந்துவிடும்.

முதிர்ந்த புழு இலையை விட்டுவிட்டு, உடல் ஒளி ஊடுருவுவதுபோல் மஞ்சளாகித் தலையை ஆட்டத் தொடங்கும். உடனே பொறுக்கிச் சந்திரிகையில் (கூடு கட்டுவதற்கான மூங்கில் தட்டில்) விடுவார்கள். வடக்கில் வைக்கோல் செருகிய மூங்கில் சட்டங்களையும் பார்க்கலாம். இரண்டு மூன்று நாளில் கூடு முடிந்துவிடும். ஒரே இடத்தில் நெருக்கமாக விட்டால் இரண்டு புழு சேர்ந்து ஒரே கூடு கட்டும். அந்த இரட்டைக் கூட்டில் இழைகள் சிக்கிக்கொள்வதால் நேர்த்தியான நூல் வராது, தனியே ஒதுக்கிவிடுவார்கள்.

மஞ்சள் கூடு பெரும்பாலும் பழைய நாட்டு இனம், வெள்ளைக் கூடு பெரும்பாலும் கலப்பினம். மஞ்சள் நிறம் பசையில்தான் இருக்கிறது, கொதிக்கவைத்தால் பெரும்பாலும் போய்விடும். "சாயமே போடாத இயற்கைப் பொன்னிறம்" என்று பளபளப்பான மென்துணியைக் காட்டி விற்றால் ஒருமுறைக்கு இருமுறை கேளுங்கள்.

நூல் எடுப்பதை நாமே செய்து பார்க்கலாமா? ஏன் நூல் அறுந்துகொண்டே இருக்கிறது?

ஹோய் ஆன் போன்ற காட்சி இடங்களில் விடுவார்கள். ஆலையில் விடமாட்டார்கள், விடவும் கூடாது: தொட்டித் தண்ணீர் கொதிநிலைக்கு அருகில் இருக்கும்.

கூட்டுக்குள் இருப்பது ஒரே நெடிய இழை. நல்ல வெள்ளைக் கூட்டில் சுமார் 1,000 மீட்டர், நாட்டு மஞ்சள் கூட்டில் அதில் பாதிக்கும் குறைவு. இழையைச் சுற்றி செரிசின் என்ற பசை இருக்கிறது. பட்டின் எடையில் கால் பங்கு அதுதான். கூட்டை முதலில் வெந்நீரில் வேகவைத்து, ஒரு சிறு துடைப்பத்தால் கிளறினால் மேலோட்டுச் சிம்பு துடைப்பத்தில் ஒட்டிக்கொண்டு வரும். அந்தச் சிம்பை இழுத்துக்கொண்டே போனால் ஒரு கட்டத்தில் சுத்தமான ஒற்றை இழை கிடைக்கும். எட்டுப் பத்துக் கூட்டின் இழைகளை ஒரு சிறு துளை வழியாகச் சேர்த்து இழுத்தால்தான் நெய்யத் தகுந்த நூல், சுமார் 20 டெனியர் (நூலின் பருமனைச் சொல்லும் அளவு). துளையைத் தாண்டியதும் நூல் தன்னைத்தானே முறுக்கிக்கொண்டு மேலேறுவதைக் கவனியுங்கள். அந்த முறுக்கு தண்ணீரைப் பிழிந்து, இழைகளை ஒன்றாக ஒட்டி, நூலை உருண்டையாக்குகிறது. அது இல்லையென்றால் நூல் தட்டையாகவும் பிரிந்தும் வரும்.

அறுவதற்குக் காரணம் பெரும்பாலும் தண்ணீர்தான். சூடு குறைந்தால் பசை இளகாமல் கூடு தொட்டியை விட்டுத் துள்ளி மேலே வரும், இழை அறும். சூடு கூடினால் இழை ஒவ்வொன்றாக வராமல் கொத்துக் கொத்தாக வந்து துளையை அடைக்கும். இன்னொரு சிக்கல், எல்லாக் கூடுகளையும் ஒரே நேரத்தில் தொடங்குவது. கூட்டின் உள்ளடுக்கில் இழை மெலிந்துகொண்டே போகும். பத்தும் ஒன்றாக உள்ளடுக்குக்கு வந்தால் நூலும் மெலிந்துவிடும். பழகிய பெண்கள் தீரும் நிலையில் இருப்பவற்றோடு புதிய கூடுகளைக் கலந்தே ஓட்டுவார்கள். ஒன்று தீர்ந்ததும் அடுத்ததன் இழையை ஓடும் நூல் மேல் வீசி ஒட்டுவார்கள். பசை இருப்பதால் முடிச்சு தேவையில்லை. நாள் முழுக்கப் பார்த்தாலும் அலுக்காத வேலை இது.

மூக்குக்கு ஒரு எச்சரிக்கை: வெந்த கூட்டுப்புழுவின் வாடை கனமானது. வாந்தி வரும் உடல்வாகு உள்ளவர்கள் காலையில் லேசாகச் சாப்பிட்டுவிட்டுப் போங்கள்.

புழுவைக் கொல்லாமல் பட்டு எடுக்கும் பட்டறை உண்டா?

வழக்கமான முறையில் கொல்லத்தான் செய்கிறார்கள். கூடு கட்டியபின் பத்துப் பன்னிரண்டு நாளில் அந்துப்பூச்சி துளைத்துக்கொண்டு வெளியே வந்துவிடும், துளைத்த கூட்டிலிருந்து தொடர் இழை எடுக்க முடியாது. அதற்குமுன் சூடான காற்றில் அல்லது ஆவியில் கூட்டை வாட்டிவிடுவார்கள்.

விதிவிலக்கு ஃபுங் சாவில் ஃபான் தி துவான் செய்யும் போர்வை. முதிர்ந்த புழுக்களைச் சமதளப் பலகையில் பரப்பிவிடுகிறார்கள். கூட்டைத் தொங்கவிட மூலை இல்லாததால் புழு அங்குமிங்கும் நகர்ந்து இழையைத் தட்டையாகவே போட்டுவிடும். பல்லாயிரம் புழு சேர்ந்து போர்வைக்கான ஒரு விரிப்பு உருவாகும். புழு கொதிநீருக்குப் போவதில்லை, வெறும் உடலோடு கூட்டுப்புழுவாகிறது. இடைவெளி விழாமலும் ஒரே இடத்தில் குவியாமலும் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும், ஆகவே விலை அதிகம். தாமரை நூலில் புழுவே இல்லை. தண்டைச் சிறிதாக வெட்டித் திருகி இழுத்தால் வரும் மெல்லிய இழைகளைப் பலகையில் உருட்டித் திரிப்பார்கள். ஒரு கழுத்துத் துணிக்கே பல ஆயிரம் தண்டு ஆகும்; தண்டு காய்ந்துவிட்டால் இழை வராது என்பதால் வெட்டிய ஒரு நாளுக்குள் எடுத்தாக வேண்டும்.

சைவம் சாப்பிடுபவர்கள் கவனிக்க வேண்டியது?

பட்டறைகளில் வறுத்த கூட்டுப்புழுவைச் சுவைக்க நீட்டுவார்கள். எலுமிச்சை வகை இலையை நறுக்கிப் போட்டு வதக்கிய, மஞ்சள் கலந்த பழுப்பு நிறத்தில் நிலக்கடலை அளவில் இருக்கும். கடலை என்று எடுத்து வாயில் போட்டுவிடாதீர்கள். 'ஆன் சாய்' என்று சொன்னால் சைவம் என்று புரிந்துகொள்வார்கள். இறால், நண்டு ஒவ்வாமை உள்ளவர்களும் இதைத் தவிர்க்க வேண்டும், அதே வகைப் புரதம் இதிலும் உண்டு.

தறிக்கூடத்தில் எதைக் கவனிப்பது?

தறிக்கு மேலே உள்ள ஜக்கார்டு பெட்டியையும் அதில் சங்கிலியாகச் சுழலும் துளையிட்ட அட்டைகளையும். ஓர் அட்டை என்பது ஓர் ஊடை (குறுக்கு நூல்). துளை உள்ள இடத்தில் ஊசி உள்ளே போகும், அதற்குரிய பாவு நூல் எழும்பும். துளை இல்லாத இடத்தில் எழும்பாது. சென்டிமீட்டருக்கு 40 ஊடை என்று வைத்துக்கொண்டால், 20 செ.மீ. உயரமுள்ள ஒரு பூவுக்கு 800 அட்டை. ஓர் அட்டை கிழிந்தாலோ வரிசை மாறினாலோ அந்த இடத்தில் பூ உடையும். துணி முழுக்க 20 செ.மீ.க்கு ஒருமுறை அதே பிழை திரும்பத் திரும்ப வரும். வாங்கும்போது இது பயன்படும்: ஒரே பிழை சீரான இடைவெளியில் வந்தால் அட்டைக் கோளாறு, ஓர் இடத்தில் மட்டும் குறுக்கே கோடு விழுந்திருந்தால் தறி நின்று மறுபடி ஓடிய இடம், நெடுக ஒரு கோடு ஓடினால் பாவு அறுந்ததைத் தாமதமாகக் கவனித்திருக்கிறார்கள் அல்லது பாவு நூல்களைப் பிரித்து நிறுத்தும் சீப்பு போன்ற அச்சில் ஒரு பல் வளைந்திருக்கிறது.

வான் ஃபுக் துணிகளில் நீண்ட ஆயுளுக்கான எழுத்தைச் சுற்றி ஐந்து வௌவால்கள், இரட்டை நாரை, நான்கு பருவங்கள் என்ற உருவங்கள் திரும்பத் திரும்ப வரும். வௌவால் அங்கே நற்பேற்றின் சின்னம், பயப்பட வேண்டாம்.

காதில் பஞ்சு வைத்துக்கொள்ளுங்கள். பத்துத் தறி ஓடும் கூடத்தில் பேச்சே கேட்காது, கேள்விகளை வாசலில் கேட்டுவிட்டு உள்ளே போவது நல்லது. முந்தானை, துப்பட்டா, அவிழ்த்துவிட்ட கூந்தல் மூன்றும் ஆபத்து. தறியின் பட்டையும் பல்சக்கரமும் பல இடங்களில் மூடியில்லாமல் ஓடும். சிறுவர்களைக் கையைப் பிடித்தே அழைத்துப் போங்கள். படம் எடுக்குமுன் கேளுங்கள். நெசவாளர் மறுப்பது அரிது, ஆனால் புதிய வடிவமைப்புகளைப் படம்பிடிப்பதை முதலாளிகள் விரும்பமாட்டார்கள்.

தான் சாவ் கறுப்புப் பட்டு எப்படி அவ்வளவு மினுமினுக்கிறது?

சாயம் 'மாக் நூவா' என்ற மரத்தின் காயிலிருந்து வருகிறது. நம் கருங்காலியும் தும்பிலியும் சேர்ந்த அதே பேரினம். பச்சைக் காயை இடித்துத் தண்ணீரில் கரைத்தால் மஞ்சள் நிறச் சாறு வரும். அதில் பட்டுத் துணியை நனைத்து வெயிலில் விரித்தால் காற்றும் வெயிலும் பட்டுக் கறுக்கும். ஒரு முறை நனைத்தால் பழுப்புதான். கருமை ஏற ஏற நனைத்துக் காயவைத்து, இடையிடையே அடித்துப் பளபளப்பாக்க வேண்டும். மொத்தம் நூறு முறை அளவுக்கு, மாதத்துக்கும் மேல் ஆகும் வேலை. நனைத்த துணி வெயிலில் கிடக்கும்போது மழை வந்தால் திட்டுத் திட்டாகிவிடும். சாறும் சீக்கிரம் கெட்டுவிடுவதால் அன்றன்றைக்கு இடிக்க வேண்டும். ஆகவே காய் கிடைக்கும் காலத்தில், வெயில் அடிக்கும் காலையில் போனால்தான் புல்தரையில் விரித்த துணிகளைப் பார்க்கலாம். இன்று இதைச் செய்பவர்கள் மிகச் சிலரே, தெருவில் கிடைக்கும் பொருளில்லை. யாராவது மலிவாக விற்றால் அது இரசாயனக் கறுப்பு.

கடையில் உண்மையான பட்டு என்பதை எப்படிக் கண்டுபிடிப்பது?

இதில்தான் அதிகம் ஏமாறுகிறார்கள். வான் ஃபுக் கடைத்தெருவிலேயே பாலியெஸ்டரும் விஸ்கோஸும் வெளியூர்த் துணியும் நிறைய விற்கின்றன. 2017இல் ஹனோயில் ஒரு பெரிய பட்டு நிறுவனம் சீனத் துணியில் தன் முத்திரை ஒட்டி விற்றது வெளியாகி நாடே பேசியது. வியட்நாமியக் கடைகளில் 'லுவா' என்று வழுவழுப்பான எந்தத் துணியையும் சொல்வார்கள். நீங்கள் கேட்க வேண்டியது 'தோ தாம்', அதாவது பட்டுப்புழு நூல். "நூற்றுக்கு நூறு தோ தாமா?" என்று கேட்டு, ரசீதில் அப்படியே எழுதித் தரச் சொல்லுங்கள். முகம் மாறினால் விடை கிடைத்துவிட்டது.

எரித்துப் பார்ப்பது இன்னும் நம்பகமான வழி. துணியின் ஓரத்திலிருந்து பாவு நூல் ஒன்று, ஊடை நூல் ஒன்று உருவி, தனித்தனியே எரியுங்கள். பலர் ஒன்றை மட்டும் எரித்துவிட்டுத் திருப்தியடைகிறார்கள், பாவு பட்டும் ஊடை விஸ்கோஸுமாக இருக்கும் கலப்புத் துணி அதில் தப்பிவிடும். பட்டு முடி கருகும் வாடையோடு மெதுவாக எரிந்து, தீயை எடுத்தால் அணையும். கருஞ்சாம்பல் விரலில் பொடியாகும். பாலியெஸ்டர் உருகிக் கெட்டி மணியாகும். விஸ்கோஸ் காகிதம்போல் குப்பென்று எரியும். மோதிரத்துக்குள் துணியை இழுத்துக் காட்டுவதை நம்ப வேண்டாம், மெல்லிய எந்தத் துணியும் போகும். கையில் பிடித்தால் குளிர்ச்சி என்பதும் அப்படித்தான்.

ஊர் திரும்பியபின் சந்தேகம் வந்தால், ஒரு நூலைக் குளோரின் வெளுப்பானில் போட்டு வையுங்கள். பட்டு சில நிமிடங்களில் கரைந்துவிடும். பாலியெஸ்டரும் விஸ்கோஸும் கரையாது.

நியாயமான விலை என்ன?

கணக்குப் போட்டுப் பார்க்கலாம். சட்டை, உடைக்கான நடுத்தரப் பட்டு 16 மோம்மி, அதாவது சதுர மீட்டருக்குச் சுமார் 70 கிராம். 90 செ.மீ. அகலத் துணியில் ஒரு மீட்டருக்கு 62 கிராம். பசை நீக்கும்போது கால் பங்கு எடை போய்விடுவதால் 80 கிராமுக்கு மேல் கச்சா நூல் வேண்டும். கச்சாப் பட்டு கிலோ 50 டாலர் என்று குறைத்து வைத்தாலும் நூலுக்கு மட்டும் ஒரு மீட்டருக்கு 1,00,000 டாங் (வியட்நாம் நாணயம்). முறுக்கு, நெசவு, சாயம், கடை லாபம் இனிமேல்தான். மீட்டர் 1,50,000 டாங்குக்குத் தூய பட்டு என்றால் நம்பாதீர்கள்.

180க்கு 50 செ.மீ. அளவுள்ள 8 மோம்மி மென்துண்டுக்கே 40 கிராமுக்கு மேல் நூலும், ஏறக்குறைய 170 கூடும் ஆகும். நூல் செலவே 50,000 டாங்கைத் தாண்டும்போது, அந்த விலைக்குக் கழுத்துத் துண்டு விற்பவர் பட்டு விற்கவில்லை. அழகாக இருக்கிறது என்று அழகுக்காக வாங்கலாம், தவறில்லை. பட்டு என்று நினைத்து வாங்க வேண்டாம்.

பேரம் பேசலாம், தறிவீட்டில் மட்டும் அதிகம் அழுத்தாதீர்கள். அங்கே சொல்லும் விலையில் இடைத்தரகர் பங்கு இல்லை. காட்டியதற்குத் தனியாகப் பணம் கொடுக்கும் வழக்கம் இல்லை, ஏதாவது ஒன்று வாங்கினால் போதும்.

ஹோய் ஆனில் துணி எடுத்துத் தைத்துக்கொள்வது சரியா?

சரி, அவசரப்படாவிட்டால். ஒரே நாளில் தருகிறோம் என்பார்கள். இரண்டு முறை போட்டுப் பார்க்க மூன்று நாளாவது கொடுங்கள். தேர்ந்தெடுத்த உருளையிலிருந்து ஒரு துண்டு வெட்டி உங்களிடம் வைத்துக்கொண்டு, தைத்து வந்ததோடு ஒப்பிடுங்கள். மெல்லிய பட்டில் இறுக்கமான உடை தைத்தால் தையலோரம் நூல் நகர்ந்து வாய் பிளக்கும். தோள், இடுப்புப் பகுதியில் தையலுக்கு உள்ளே துணி கூடுதலாக விடச் சொல்லுங்கள், அக்குளுக்கு உள்துணி வைக்கச் சொல்லுங்கள். வெட்டுமுன் துணியை நனைத்துக் காயவைத்தார்களா என்றும் கேளுங்கள். இல்லையென்றால் முதல் சலவையில் சுருங்கும்.

காஞ்சிப் பட்டுபோல் பராமரிக்கலாமா?

தேவையில்லை. ஜரிகை இல்லாத மென்பட்டு என்பதால் வீட்டிலேயே துவைக்கலாம். குளிர்ந்த நீரில் கொஞ்சம் தலைக்குப் போடும் ஷாம்பு, ஐந்து நிமிடம், முறுக்காமல் துண்டில் வைத்து அழுத்தி, நிழலில் உலர்த்துங்கள். சோடா கலந்த சலவைத்தூளும் கட்டி சோப்பும் இழையைப் பாழாக்கும், பளபளப்பு போய்விடும். முதல் இரண்டு சலவையில் சாயம் கொஞ்சம் போகும், தனியாகத் துவைக்கவும். லேசான ஈரத்தோடு பின்பக்கம் இஸ்திரி. வாசனைத் திரவியத்தை உடை மேல் அடிக்காதீர்கள், அந்தக் கறை போகாது.

நினைவுக்குக் கூடு, முட்டை, மல்பெரிக் குச்சி கொண்டுவரலாமா?

துளையிட்டு உள்ளே காலியாக்கிய, நன்கு உலர்ந்த கூடு என்றாலும் சுங்கத்தில் கேட்டால் காட்டிவிடுங்கள். முழுக் கூட்டைப் பையில் போட்டுக்கொண்டு வந்தால், வாட்டாத கூடாக இருந்து வழியிலேயே பூச்சி வெளிவந்துவிடலாம். வாட்டிய கூடும் உள்ளே புழு சரியாகக் காயாவிட்டால் நாற்றமெடுக்கும். உயிருள்ள முட்டை, புழு, செடித்துண்டு எதையும் கொண்டுவரக் கூடாது. அவற்றுக்கு இறக்குமதி அனுமதியும் தனிமைப்படுத்தல் சோதனையும் வேண்டும், நோய் பரவினால் இங்குள்ள வளர்ப்பு மனைகளுக்குத்தான் இழப்பு. துணிக்கும் நூல் சிட்டத்துக்கும் அந்தச் சிக்கல் இல்லை. ரசீதைப் பத்திரமாக வைத்துக்கொண்டால் போதும்.